சுற்றுச்சூழல் ஆவணப்படத்தையே தொழிலாக வைத்துக்கொண்டு சென்னையில் வாழ முடியுமா?

கேள்வி
எழுதியவர்: எர்ணாவூர்க்காரன்

அனைவருக்கும் வணக்கம். எனக்கு வயது 27. காட்சித் தொடர்பியல் படித்துவிட்டு, நான்கு ஆண்டுகளாகச் சாலிக்கிராமத்தில் ஒரு படத்தொகுப்புக் கூடத்தில் உதவியாளராக இருக்கிறேன். திருமண வீடியோக்கள், நகைக்கடை விளம்பரங்கள், பள்ளி ஆண்டு விழாக்கள் ஆகியவைதான் என் மேசைக்கு வரும் வேலைகள். மாதச் சம்பளம் 22,000 ரூபாய். அப்பா காலமாகிவிட்டார், அம்மா தையல் வேலைக்குப் போகிறார், தங்கை கல்லூரியில் இறுதியாண்டு படிக்கிறாள்.

2023 டிசம்பரில், மிக்ஜாம் புயல் மழையோடு எண்ணெய்ப் படலம் கொசஸ்தலை ஆற்றில் இறங்கி எண்ணூர் முகத்துவாரம் வரை பரவியபோது, கூடத்தின் கேமராவை ஒரு நாளைக்கு இரவல் கேட்டு வாங்கிக்கொண்டு போனேன். எண்ணெயில் நனைந்து பறக்க முடியாமல் நின்ற கூழைக்கடாக்களைத்தான் அன்று எல்லோரையும் போல நானும் எடுத்தேன். திரும்பும் வழியில் ஒரு பெரியவர், 2017 ஜனவரியில் இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியபோது எங்கள் எர்ணாவூர்க் கரையில் வாளியால் அள்ளிய கதையைச் சொல்லிக்கொண்டே வந்தார். அதற்கு முன்பே அனல்மின் நிலையத்துச் சாம்பல் வந்தது என்றார். அதற்கும் முன்பு ஆற்றில் ஆள் மூழ்கும் ஆழம் இருந்தது என்றார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவரைத் தேடிப் போனேன். அதிலிருந்து மாதத்தில் இரண்டு ஞாயிறாவது போய்க்கொண்டிருக்கிறேன். இடுப்பளவு நீரில் நின்று கையால் இறால் தடவுகிறவர்கள், கையில் அள்ளினால் விரலிடுக்கில் குழைத்த சிமென்ட்டைப் போல வழியும் சாம்பல் சேறு என்று ஏறத்தாழ 90 மணி நேரக் காட்சிகள் என்னிடம் சேர்ந்திருக்கின்றன.

இதையே வாழ்க்கைத் தொழிலாக எடுத்துக்கொள்ள விரும்புகிறேன். அது முடிகிற காரியமா, அதற்கு மேற்கொண்டு ஏதேனும் படிக்க வேண்டுமா, சொந்தக் கேமராவும் ட்ரோனும் வாங்கக் கடன் எடுக்கலாமா என்பவை என் பொதுவான கேள்விகள். இவற்றைவிட அவசரமான கேள்வி ஒன்றும் இருக்கிறது. அதே ஆற்றின் கரையில் ஆலை வைத்திருக்கும் ஒரு நிறுவனம், தன் சமூகப் பொறுப்பு நிதியிலிருந்து அலையாத்தி நாற்று நட்டதைப் பற்றி 12 நிமிடப் படம் எடுத்துத் தரச் சொல்லி, ஒரு நண்பர் வழியாக என்னை அணுகியிருக்கிறது. கூலி 3,50,000 ரூபாய். எனக்கு அது பதினாறு மாதச் சம்பளம். ஏற்பதா, மறுப்பதா? அடுத்த வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டும்.


பதில் 1
எழுதியவர்: பழைய நாடா

தம்பி, நான் 26 ஆண்டுகளாக இந்த வேலையில் இருக்கிறேன். சுற்றுச்சூழல் படங்களால் மட்டும் வீட்டு வாடகை கட்டிய ஆண்டுகளை விரல்விட்டு எண்ணச் சொன்னால், ஒரு கையில் ஒரு விரல் மிச்சமிருக்கும். மற்ற ஆண்டுகளில் மருத்துவமனைகளுக்கான பயிற்சிப் படம், கூட்டுறவுச் சங்கங்களுக்கான விளக்கப் படம், கல்லூரியில் பகுதிநேர வகுப்பு, அவ்வப்போது திருமணம் என்றுதான் சோறு வந்தது. இதைச் சலிப்பாகச் சொல்லவில்லை. இந்தத் துறையில் நான் அறிந்த பெரும்பாலோருடைய கணக்குப் புத்தகமும் இப்படித்தான் இருக்கும் என்பதால், எதிர்பார்ப்பை அங்கிருந்து தொடங்குங்கள் என்கிறேன்.

பணம் வரும் வாசல்களும் மாறிவிட்டன. எங்கள் தலைமுறைக்கு 1948இல் தொடங்கப்பட்ட பிலிம்ஸ் டிவிஷன் இருந்தது. அது இப்போது தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டுவிட்டது. 2000க்குப் பிறகு, பொதுச்சேவை ஒளிபரப்பு அறக்கட்டளை தூர்தர்ஷனோடு சேர்ந்து சுதந்திரமான படங்களுக்கு நிதி தந்தது. என் இரண்டாவது படம் அந்த வழியில்தான் உருவானது. இன்று இளைஞர்கள் கொல்கத்தாவில் நடக்கும் டாக்எட்ஜ் போன்ற ஆவணப்படச் சந்தைகளில் தங்கள் திட்டத்தை விளக்கி, வெளிநாட்டு நிதியங்களையும் தொலைக்காட்சிகளையும் பிடிக்கிறார்கள். அந்த வழியில் போனால் வெளிநாட்டுப் பங்களிப்பு ஒழுங்குமுறைச் சட்டம் குறுக்கே நிற்கும். நன்கொடையாக வரும் பணத்தையும் செய்த வேலைக்கான கட்டணமாக வரும் பணத்தையும் அந்தச் சட்டம் வெவ்வேறாகப் பார்ப்பதால், ஒரு நல்ல கணக்காயரிடம் தாளைக் காட்டாமல் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள்.

முதுமலை யானைக் குட்டிகளைப் பற்றிய குறும் ஆவணப்படம் 2023இல் ஆஸ்கர் பெற்ற பிறகு, என்னைத் தேடி வந்த மூன்று தயாரிப்பாளர்களும் சொல்லிவைத்தாற்போல "அதைப் போல ஒன்று" என்றே கேட்டார்கள். விலங்கு இருக்க வேண்டும், அதை வளர்க்கும் மனிதர் இருக்க வேண்டும், கண்ணீர் வர வேண்டும். சாம்பல் குழாய் உடைந்த கதையோடு போனால் தேநீர் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். ஆகவே, காட்டுயிர்ப் படமும் சுற்றுச்சூழல் படமும் வெளியிலிருந்து பார்க்க ஒன்றுபோலத் தெரிந்தாலும், பிழைப்பு என்ற அளவில் அவை இரண்டு தனித் தொழில்கள்.

இரண்டையும் கடந்து வந்த ஒருவர் நம் ஊரிலேயே இருக்கிறார். சேகர் தத்தாத்ரி பள்ளிப் பருவத்திலேயே கிண்டி பாம்புப் பண்ணையில் தன்னார்வலராகச் சேர்ந்தவர். அமைதிப் பள்ளத்தாக்கைப் பற்றிய படம் முதலாகப் பன்னாட்டுத் தொலைக்காட்சிகளுக்குப் பல ஆண்டுகள் காட்டுயிர்ப் படங்கள் எடுத்தவர். பிறகு அந்த வருமானப் பாதையிலிருந்து விலகிப் பாதுகாப்புப் பணிக்கான சிறிய படங்களுக்கு வந்தார். குதிரேமுக் இரும்புத்தாதுச் சுரங்கம் மலையையும் ஆற்றையும் என்ன செய்கிறது என்பதைக் காட்டிய அவருடைய குறும்படம், அப்போது நடந்துகொண்டிருந்த இயக்கத்துக்காகவே எடுக்கப்பட்டது. உச்ச நீதிமன்றம் 2002இல் தீர்ப்பளித்தது. 2005 இறுதியோடு சுரங்கம் நின்றது. படத்தால்தான் நின்றது என்று சொன்னால் வழக்குத் தொடுத்தவர்களுக்கும் களத்தில் அலைந்தவர்களுக்கும் செய்யும் அநியாயம். ஆனால் மலைக்குப் போக நேரமில்லாதவர்களின் கண்ணுக்கு மலையைக் கொண்டுபோனது அந்தப் படம். இதேபோல, மைக் பாண்டே குஜராத் கடற்கரையில் திமிங்கிலச் சுறாக்கள் கொல்லப்படுவதை எடுத்த படம் 2000இல் வந்தது. மறு ஆண்டே அந்தச் சுறா வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்க்கப்பட்டது. படம் யாருக்குக் காட்டப்பட வேண்டும் என்பது முதலிலேயே முடிவாகிவிட்டால், நீளம், மொழி, செலவு எல்லாம் அதைப் பின்தொடரும். உங்கள் 90 மணி நேரத்தை யார் பார்க்க வேண்டும் என்பதை இன்றே ஒரு தாளில் எழுதிப் பாருங்கள்.

படிப்பைப் பற்றி: தொழிலே தெரியாதவராக இருந்தால் தரமணி அரசு திரைப்படக் கல்லூரிக்குப் போகச் சொல்லியிருப்பேன். உங்களுக்குத் தொகுப்புத் தெரியும். நீங்கள் கற்க வேண்டியது தாள் படிப்பது. 2006ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கை, மக்கள் கருத்துக்கேட்புக் கூட்டம் முழுவதையும் மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் வீடியோவில் பதிவு செய்ய வேண்டும் என்று சொல்கிறது. அந்தப் பதிவைத் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய்க் கட்டணத்தோடு கேட்டுப் பாருங்கள். பத்து ஆண்டுகளுக்கு முன்பு ஓர் அதிகாரி மைக்கில் தந்த வாக்குறுதியும், அதே இடத்தில் நீங்கள் இன்று எடுத்த சேறும் அடுத்தடுத்து வந்தால் பின்னணிக் குரலே தேவைப்படாது. ஆலைகள் ஆறு மாதத்துக்கு ஒருமுறை தர வேண்டிய நிபந்தனை நிறைவேற்ற அறிக்கைகளையும் அப்படியே தேடிப் படியுங்கள். முதல் இரண்டு அறிக்கைகள் தூக்கத்தை வரவழைக்கும். மூன்றாவதில், முந்தைய அறிக்கையின் வரிகளை அப்படியே ஒட்டியிருப்பது கண்ணில் படும். அதற்குப் பிறகு தூக்கம் வராது.

இனி என்னுடைய ஒரு பிழையைச் சொல்கிறேன். 2003 வாக்கில், பழவேற்காட்டுப் பக்கம் ஒரு முதிய மீனவரிடம் ஏறத்தாழ மூன்று மணி நேரம் பேசி எடுத்தேன். யார் எந்த நாளில் எந்த இடத்தில் வலை கட்டலாம் என்று ஊர்களுக்குள் முறை வைத்துப் பங்கிடும் பாடு வழக்கத்தை, அவர் மணலில் குச்சியால் கோடு போட்டு விளக்கினார். படத்தில் நான் பயன்படுத்தியது நான்கு நிமிடம். எட்டு ஆண்டுகள் கழித்து, அவர் இறந்த பிறகு, அவருடைய மகள் என் முகவரியைத் தேடிப் பிடித்து வீட்டுக்கு வந்தார். "அப்பா பேசியது முழுவதும் வேண்டும் சார், பாடு முறை எப்படி என்று ஊரில் இப்போது தகராறு" என்றார். அந்தக் காலத்தில் மினி-டிவி (MiniDV) வீடியோ நாடா ஒன்று எனக்கு ஒரு வேளைச் சாப்பாட்டைவிடக் கூடுதல் செலவு. அதனால் படம் முடிந்ததும் நாடாக்களை மறுபடி பயன்படுத்துவேன். தேடி எடுத்து ஓட்டிப் பார்த்தபோது, அவர் குந்தியிருந்த இடத்தில் ஒரு திருமண வரவேற்பு ஓடியது. மணமக்கள் மேடையில் நின்று வரிசையாக வந்தவர்களிடம் பரிசு வாங்கிக்கொண்டிருந்தார்கள். அந்த அம்மாளும் பத்து நிமிடம் உட்கார்ந்து அதைப் பார்த்துவிட்டு எழுந்து போனார். எனவே கடன் வாங்குவதாக இருந்தால், ட்ரோனுக்கு வேண்டாம், வன்தட்டுக்கு வாங்குங்கள்.

ஆலைப் படத்தை ஏற்காதீர்கள். தூய்மைக்காகச் சொல்லவில்லை, ஆலைப் படங்கள் எடுத்துத்தான் நானும் பிள்ளைகளைப் படிக்க வைத்தேன். நீங்கள் ஞாயிறுதோறும் பேருந்தில் போய் இறங்கும் அதே கரையில், ஒரு நாள் நிறுவனத்தின் காரிலிருந்து இறங்குவீர்கள். அதைப் பார்த்தவர்கள் கேள்வி கேட்க மாட்டார்கள், பேசுவதை நிறுத்திக்கொள்வார்கள். வேறு மாவட்டத்தில், வேறு பொருளில் அந்தத் தொகைக்கு வேலை தேடுங்கள். கிடைக்கும்.


பதில் 2
எழுதியவர்: அண்ணாசாலை ஸ்டூடியோ

மேலே எழுதியவரிடம் மரியாதையோடு மாறுபடுகிறேன். நான் 14 ஆண்டுகளாக நிறுவனப் படங்கள் மட்டுமே எடுக்கிறேன். அலையாத்தி நாற்று நடுவது தவறான காரியமன்று. நட்ட நாற்றில் எவ்வளவு பிழைத்தது என்று நேர்மையாகக் காட்ட அவர்கள் ஒப்புக்கொண்டால், அதுவும் ஓர் ஆவணமே. தங்கையின் படிப்பும் வீட்டுச் செலவும் கேள்வி கேட்டவரின் தோளில் இருக்கின்றன. 22,000 ரூபாய் சம்பளக்காரரிடம் மூன்றரை லட்சத்தை விட்டுவிடு என்று சொல்வது, வேறு வருமானம் உள்ளவர்களுக்கு எளிது. அதோடு, ஆலைக்குள் கேமராவோடு நுழையும் வாய்ப்பு அவருக்கு மறுபடி கிடைக்காது. பணத்தைப் பாதி முன்கூட்டியே வாங்கிக்கொள்ளுங்கள், தலைப்பில் உங்கள் பெயர் வராதபடி பார்த்துக்கொள்ளுங்கள் என்பதே என் ஆலோசனை.


பதில் 3
எழுதியவர்: போரூர் ஒலிப்பதிவாளர்

வாக்குவாதத்துக்குள் போகாமல், கருவிகளைப் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

முகத்துவாரத்தில் காற்று எப்போதும் இருக்கும். கேமராவிலேயே இருக்கும் மைக்கை நம்பி எடுத்த பேட்டிகளில் பாதியை நீங்கள் ஏற்கெனவே இழந்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். ஐயாயிரம், ஆறாயிரம் ரூபாய்க்குள் நல்ல சட்டை மைக் ஒன்றும், அதற்கு மயிர் போர்த்திய காற்றுத் தடுப்பும் வாங்கினால், படத்தின் தரம் இரண்டு மடங்கு ஏறும். படம் சற்று ஆடினால் பார்ப்பவர் பொறுப்பார். பேச்சு கேட்காவிட்டால் எழுந்து போவார். பேட்டி முடிந்ததும் யாரையும் பேசவிடாமல் இரண்டு நிமிடம் அந்த இடத்தின் வெற்று ஒலியைப் பதிவு செய்யுங்கள். எண்ணூரில் அந்த வெற்று ஒலியே ஒரு பாத்திரம்: தொலைவில் அனல்மின் நிலையத்தின் இடைவிடாத முழக்கம், கன்வேயர் கிறீச்சிடுவது, நடுவே ஒரு மீன்கொத்தி.

ட்ரோனைப் பொறுத்தவரை, அது துறைமுகங்களும் மின் நிலையங்களும் சூழ்ந்த பகுதி. 2021ஆம் ஆண்டின் ட்ரோன் விதிகளின்படி, டிஜிட்டல் ஸ்கை என்ற அரசு இணையதளத்தின் வரைபடத்தில் சிவப்பு, மஞ்சள், பச்சை மண்டலங்களைப் பார்க்காமல் ஏற்றினால் கருவியும் போகும், வழக்கும் வரும். தெற்கே பள்ளிக்கரணையில் எடுக்கலாம் என்று நினைப்பவர்களும் விமான நிலையத்தின் தொலைவை அளந்துகொள்ள வேண்டும். 8 முதல் 12 கிலோமீட்டர் வரையுள்ள வளையத்தில் 200 அடிக்கு மேல் அனுமதியில்லாமல் பறக்கக் கூடாது. வேண்டிய அன்று மட்டும், உரிமம் உள்ள ஒருவரை வாடகைக்கு அழைப்பதே மலிவு.

ஜனவரி முதல் ஏப்ரல் வரை பங்குனி ஆமை முட்டையிட வரும் காலத்தில், நீலாங்கரைக்கும் பெசன்ட் நகருக்கும் இடையே மாணவர் கடலாமைப் பாதுகாப்பு அமைப்பினரோடு சில இரவுகள் நடந்து பாருங்கள். 1988 முதல் அவர்கள் அந்தக் கரையில் நடக்கிறார்கள். அங்கே விளக்கு போடக் கூடாது. வெளிச்சம் பட்டால் ஆமை முட்டையிடாமலே திரும்பிவிடும். கண்ணுக்குத் தெரிந்ததைப் படமாக்காமல் விட்டுவிட்டுச் சும்மா நிற்கப் பழகுவதற்கு அதைவிட நல்ல பள்ளிக்கூடம் எனக்குத் தெரியாது.

கடைசியாக, உப்புக்காற்று. வீட்டுக்கு வந்ததும் கருவிகளை ஈரத் துணியால் துடைத்து, பிறகு உலர்ந்த துணியால் துடைத்து, சிலிக்கா பொட்டலங்களோடு காற்றுப் புகாத டப்பாவில் வையுங்கள். இட்லி மாவு டப்பா போதும்.


பதில் 4
எழுதியவர்: கீழ்வரிசை வழக்குரைஞர்

இரண்டு செய்திகள். முதலாவது, அந்த நிறுவனத்தின் ஒப்பந்த வரைவைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். கச்சாக் காட்சிகளின் உரிமை யாருக்கு, நிறுவனத்தைப் பற்றிப் பிற்காலத்தில் என்ன பேசலாம், எது பேசக்கூடாது என்ற இரண்டு பிரிவுகளையும் முதலில் தேடுங்கள். மூன்றரை லட்சம் எதற்கு என்பது அங்கேதான் தெரியும். அண்ணாசாலை ஸ்டூடியோ நண்பர் சொல்வதைப் போலப் பெயர் போடாமல் எடுத்தாலும் கையெழுத்து கையெழுத்துதான்.

இரண்டாவது, உங்கள் 90 மணி நேரக் காட்சிகள் என்றேனும் சாட்சியமாகத் தேவைப்படலாம். தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் சாட்சியச் சட்டத்தின் விதிகளுக்கு அப்படியே கட்டுப்பட்டதன்று. ஆனால் பிற நீதிமன்றங்களில் மின்னணுப் பதிவு ஒன்றை ஏற்க வேண்டுமானால், அதற்கான சான்றிதழ் வேண்டும். பழைய சட்டத்தில் 65பி என்று நாங்கள் சொல்லிவந்த பிரிவு, 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய சாட்சிய அதினியத்தில் 63ஆம் பிரிவாக இருக்கிறது. கோப்பின் ஹாஷ் மதிப்பையும், அதாவது கோப்பு மாறினால் தானும் மாறிவிடும் கைரேகை போன்ற குறியீட்டையும், சான்றிதழில் குறிப்பிட வேண்டும். ஆகவே கேமராவிலிருந்து இறக்கிய அன்றே மூலக் கோப்புகளை மாற்றாமல் ஒரு தட்டில் தனியே வைத்து, ஹாஷ் எடுத்து, தேதி, இடம், கேமரா, எடுத்தவர் பெயர் ஆகியவற்றை ஒரு நோட்டில் எழுதி வாருங்கள். நிறம் திருத்திய, இசை சேர்த்த பிரதியோடு வருபவர்களுக்கு என்னால் எதுவும் செய்ய முடிந்ததில்லை.


பதில் 5
எழுதியவர்: கரைவாத்தியார்

நான் அந்த ஆற்றங்கரை ஊர் ஒன்றில் மீனவர் வீட்டில் பிறந்தவன். இப்போது அரசுப் பள்ளி ஆசிரியர். படம் எடுப்பவர்கள் கூடிப் பேசும் இடத்தில், படத்துக்குள் நிற்பவர்களின் பக்கத்திலிருந்தும் ஒருவர் எழுதலாம் என்று நினைக்கிறேன்.

2023 டிசம்பரில் எங்கள் ஊருக்கு வந்த கேமராக்களை என்னால் எண்ண முடியவில்லை. வந்தவர்கள் எல்லோருக்கும் ஒரே காட்சி வேண்டும்: எண்ணெய் அப்பிய உள்ளங்கையை விரித்துக் காட்ட வேண்டும். என் சித்தப்பா மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்துக் கையைக் கழுவிக்கொண்டு வந்து, கட்டிலில் உட்கார்ந்து சாப்பிடத் தொடங்கியிருந்தார். அப்போது வந்த ஒரு குழு, "ஐயா, இன்னொருமுறை ஆற்றில் கையை விட்டு எடுங்கள், காலையில் வெளிச்சம் சரியாக அமையவில்லை" என்று கேட்டது. அவர் தட்டை மூடி வைத்துவிட்டுப் போய்க் கையை விட்டார். அவருக்குத் தோல் வெடித்து ஆறுவதற்கு இரண்டு மாதம் ஆயிற்று. அந்தப் படம் எங்கே ஓடியது, பரிசு வாங்கியதா என்று எங்களில் யாருக்கும் தெரியாது. ஆழ்வார்ப்பேட்டைப் பக்கம் ஓர் அரங்கில் திரையிட்டதாக யாரோ சொன்னார்கள். ஊருக்கு ஒரு பென்டிரைவ் வந்திருந்தால் பள்ளிக்கூடச் சுவரிலாவது காட்டியிருப்பேன்.

இந்தத் தம்பியை எனக்கு முகம் தெரியாது. ஆனால் ஞாயிற்றுக்கிழமைகளில் ஒருவர் பேருந்தில் வருகிறார், ஆடி மாதம் கூழ் ஊற்றியபோது கேமராவை மூடி வைத்துவிட்டு வரிசையில் நின்று வாங்கிக் குடித்தார் என்று பிள்ளைகள் சொல்லிக் கேட்டிருக்கிறேன். அவர்தான் இவரென்றால், ஊரில் அவருக்குக் கெட்ட பெயர் இல்லை. எண்ணெய் வந்தால்தான் எங்களுக்கு வாழ்க்கை இருப்பதாக எடுப்பவர்கள் நினைக்கிறார்கள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலத்தில் விசைப்படகுகள் கரையேறி நிற்கும்போது ஆற்றை நம்பியிருப்பவர்கள் எப்படிச் சாப்பிடுகிறார்கள், இறால் தடவப் போகும் பெண்கள் கழுத்தளவு நீரில் இறாலைப் போடும் பனையோலைப் பறியை ஏன் பல்லால் கடித்துக்கொள்கிறார்கள், எந்த இடத்தில் நண்டு வளை இல்லாமல் போயிற்று என்பவற்றையும் எடுங்கள். இரண்டு கைகளும் சேற்றுக்குள் இருப்பதால்தான் பறி வாயில் இருக்கிறது. அதை ஒருவரிடம் கேட்டுவிட்டு எடுத்தால் ஒரு மாதிரி எடுப்பீர்கள். கேட்காமல் எடுத்தால், பாவம் என்று எடுப்பீர்கள்.

ஆலைப் படத்தைப் பற்றி நான் சொல்வதற்கில்லை. எங்கள் ஊரிலேயே அந்த ஆலையில் ஒப்பந்தக் கூலிக்குப் போகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களை யாரும் பகைத்துக்கொள்வதில்லை. நடவு நாற்றுகள் எந்த இடத்தில் இருக்கின்றன என்று மட்டும் போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள்.


மறுமொழி
எழுதியவர்: எர்ணாவூர்க்காரன்

நேரம் ஒதுக்கி எழுதிய அனைவருக்கும் நன்றி. வழக்குரைஞர் ஐயா சொன்னபடி வரைவைக் கேட்டு வாங்கினேன். எட்டாவது பிரிவில், "திட்டப் பகுதியில் படைப்பாளர் இதற்கு முன்னர் எடுத்தனவும் இனி எடுப்பனவும் ஆகிய அனைத்துக் காட்சிகளும்" நிறுவனத்தின் உடைமை என்று இருக்கிறது. "இதற்கு முன்னர்" என்ற சொற்களை நீக்க முடியுமா என்று நண்பர் வழியாகக் கேட்டேன். முடியாது என்று அரை மணி நேரத்தில் பதில் வந்தது. மற்ற மின்னஞ்சல்களுக்கு அவர்கள் மூன்று நாள் எடுத்துக்கொண்டவர்கள். அண்ணாசாலை நண்பரே, நீங்கள் சொன்ன சுமை உண்மைதான். அந்தத் தொகையை நினைத்து இரண்டு இரவுகள் தூங்கவில்லை. ஆனாலும் என்னை அவர்கள் ஏன் தேடி வந்தார்கள் என்பது இப்போது புரிகிறது. மறுத்து எழுதிவிட்டேன். அம்மாவிடம் தொகையைக் குறைத்துச் சொல்லியிருக்கிறேன்.

பழைய நாடா ஐயா, நேற்று இரண்டு வன்தட்டுகள் வாங்கினேன். ஒன்று என்னிடம் இருக்கும்; இன்னொன்றை தங்கையின் விடுதியில் வைக்கப் போகிறேன். பேட்டிகளைப் பெயர்வாரியாகப் பிரித்துக்கொண்டிருக்கிறேன். யார் யாருடைய முழுப் பேச்சு என்னிடம் இருக்கிறது என்று அவரவர் வீட்டிலேயே சொல்லிவிடலாம் என்று எண்ணுகிறேன். ஒலிப்பதிவாளர் சொன்னதைச் சோதித்துப் பார்த்தேன்: 41 பேட்டிகளில் 17 காற்றில் போய்விட்டன. முதலில் அவற்றைத் திரும்ப எடுக்க வேண்டும்.

வாத்தியார் ஐயா, கூழ் குடித்தது நான்தான். நாற்றுகளைப் போய்ப் பார்த்தேன். கரையிலிருந்து பார்க்கும்போது பச்சையாகத்தான் தெரிகிறது. உள்ளே போய்ப் பார்க்க வழி தெரியவில்லை.


பதில் 6
எழுதியவர்: பழைய நாடா

இரண்டாவது வன்தட்டை விடுதியில் வைக்காதீர்கள் தம்பி, தங்கையின் தோழிகள் சினிமா ஏற்றிவிடுவார்கள். என்னிடம் கொண்டுவந்து கொடுங்கள். அம்பத்தூரில் ஒரு கூட்டுறவுச் சங்கத்துக்கு ஆறு பயிற்சிப் படங்கள் தொகுக்க ஆள் வேண்டும் என்று கேட்டிருக்கிறார்கள். தனிச் செய்தியில் எண் அனுப்புகிறேன். மூன்றரை லட்சம் வராது, மூன்று மாத வாடகை வரும்.


பதில் 7
எழுதியவர்: கரைவாத்தியார்

கரையிலிருந்து பார்த்தால் போதாது. வரும் ஞாயிறு காலை ஐந்தரைக்குத் தண்ணீர் வற்றியிருக்கும், என் தம்பி படகில் உள்ளே கூட்டிக்கொண்டு போவான். செருப்போடு இறங்காதீர்கள், சேறு உருவிக்கொள்ளும்; வெறுங்காலோடும் இறங்காதீர்கள், சிப்பி ஓடு அறுத்துவிடும். பழைய கான்வாஸ் ஷூ இருந்தால் கயிற்றை இறுக்கிக் கட்டிக்கொண்டு வாருங்கள். சித்தப்பாவும் வருகிறார். அவரிடம் கையைக் காட்டச் சொல்லி மட்டும் கேட்டுவிடாதீர்கள்.